கண்ணுக்கு ஒன்று, கணினிக்கு இரண்டு

மாலை ஆறு மணிக்குமேல் கோலாலம்பூர் சென்ட்ரலிலிருந்து கிள்ளான் நோக்கிப் புறப்படும் கொம்யூட்டர் இரயிலில் இருக்கை கிடைப்பது அரிது. கிடைத்தவர்கள் கண்ணயர்வார்கள், கிடைக்காதவர்கள் கைப்பேசியில் ஆழ்வார்கள். அன்று இருக்கை கிடைத்தும் கண்ணயராத பெண்ணொருத்தி அந்தப் பெட்டியில் இருந்தாள். அவளுடைய மடிக்கணினியின் கருந்திரையில் வெள்ளையும் மஞ்சளும் சிவப்புமாக வரிகள் ஓடிக்கொண்டிருந்தன. சுபாங் ஜெயா கடந்தது. ஷா ஆலம் கடந்தது. அவள் தலை நிமிரவில்லை.

அவள் வயது இருபத்தாறு. பிறந்து வளர்ந்தது கிள்ளானில், படித்தது தமிழ்ப்பள்ளியில், பணியாற்றுவது பிரிக்பீல்ட்ஸில் ஒரு மாடிக் கட்டடத்தில் இயங்கும் சிறிய நிறுவனத்தில். கைப்பேசிகளுக்குச் செயலி எழுதுவது அந்நிறுவனத்தின் தொழில். தமிழ்ப்பள்ளிப் பெற்றோருக்காக ஒரு செயலியை அவர்கள் அப்போது உருவாக்கிக்கொண்டிருந்தார்கள். பிள்ளையின் பதிவெண்ணையும் பெயரையும் தாயோ தந்தையோ தட்டச்சிட வேண்டும். இரண்டும் பள்ளிப் பட்டியலோடு ஒத்துவந்தால், பிள்ளையின் வருகைப் பதிவும் பள்ளியின் அறிவிப்புகளும் தமிழிலேயே திரையில் விரியும். பெயர்களும் தமிழிலேயே இருக்க வேண்டும் என்று விடாது வாதாடி வென்றவள் அவள்தான். பாட்டியின் கையில் கைப்பேசியைக் கொடுத்தால், பேத்தியின் பெயரைப் பாட்டி படித்தறிய வேண்டும் என்பது அவள் ஆசை.

அந்த ஆசைக்குத்தான் ஆபத்து வந்திருந்தது. சோதனைக்காகச் செயலியைப் பெற்ற பெற்றோரில் சிலருக்கு அது சரியாகத் திறந்தது. சிலருக்குத் திறந்த நொடியே மூடிக்கொண்டது. பதிவெண் சரி, பெயரும் சரி. ஆயினும் செயலி விழுந்தது. காரணம் எவருக்கும் புலப்படவில்லை. நிறுவனத்தின் மேலாளர் வெள்ளிக்கிழமை காலை முடிவாகச் சொன்னார்: "தமிழ் எழுத்தை வைத்துக்கொண்டால் இப்படித்தான். திங்கட்கிழமைக்குள் தீராவிட்டால், பெயர்களையெல்லாம் ரோமன் எழுத்துக்கு மாற்றிவிடுவோம். பிறப்புப் பத்திரத்தில் அப்படித்தானே இருக்கிறது?"

அதற்கு மறுமொழி சொல்ல அவளிடம் சான்று ஒன்றும் இல்லை. சான்று இருக்குமானால், திரையில் ஓடிக்கொண்டிருந்த அந்த வரிகளுக்குள்தான் இருக்க வேண்டும்.

அவ்வரிகளை ஆங்கிலத்தில் லாக் என்பார்கள். அச்சொல் கடலிலிருந்து கரையேறியது. பழங்காலக் கப்பலோட்டிகள் முடிச்சிட்ட கயிற்றில் ஒரு மரக்கட்டையைக் கட்டிக் கடலில் எறிவார்கள். குறித்த நேரத்தில் எத்தனை முடிச்சுகள் கைவிட்டுப் போயின என்று எண்ணிக் கப்பலின் வேகத்தைக் கணித்து, ஏட்டில் எழுதுவார்கள். கட்டைக்கு ஆங்கிலத்தில் லாக் என்று பெயர். ஆகவே அந்த ஏடும் லாக் புத்தகம் ஆயிற்று. பின்னர்க் கணினிக் கூடங்களுக்கும் அவ்வழக்கம் வந்தது. 1947 செப்டம்பர் 9 ஆம் நாள், அமெரிக்காவில் ஹார்வர்டு மார்க் 2 என்னும் கணினியின் உறுப்பொன்றில் ஓர் அந்துப்பூச்சி சிக்கியிருக்கக் கண்டவர்கள், அப்பூச்சியையே எடுத்துப் பணியேட்டில் ஒட்டி, நேரத்தையும் குறித்துவைத்தார்கள். எங்கே, எப்போது, எது என்ற மூன்றும் அந்த ஒரு பக்கத்திலேயே அடங்கிவிட்டன.

இன்றைய கைப்பேசியும் ஓயாது பணியேடு எழுதுகிறது. ஆண்ட்ராய்டுக் கைப்பேசியில் அந்த ஏட்டை லாக்கேட் என்னும் கருவி காட்டுகிறது. ஒவ்வொரு வரிக்கும் ஒரு தரம் உண்டு: வெறும் விவரம், சோதனைக் குறிப்பு, செய்தி, எச்சரிக்கை, பிழை என்று படிப்படியாக உயரும். ஆனால் எழுதுவது ஒரு கை அன்று. நாம் எழுதிய செயலி ஒன்றிரண்டு வரி எழுதினால், கைப்பேசியின் இயங்குதளமும், திரையை வரையும் பகுதியும், வலையோடு பேசும் பகுதியும் நூறு வரி எழுதுகின்றன. சந்தையில் நூறு பேர் ஒருங்கே பேசும்போது, நம்மைக் கூப்பிட்ட குரல் எது என்று காண்பது எளிதா?

அவளும் முதல் இரண்டு நாள்கள் உரத்துப் பேசிய குரல்களின் பின்னாலேயே ஓடினாள். திரை வரைவதில் பல சட்டங்கள் தவறிவிட்டன, முதன்மை இழையில் வேலை மிகுதியாக இருக்கக்கூடும் என்று ஒரு வரி அஞ்சவைத்தது. அதைத் துரத்தினாள். செயலி தொடங்கும்போது ஏற்பட்ட சிறு தாமதத்தைப் பற்றிய வரி அது; செயலி விழுந்ததற்கும் அதற்கும் தொடர்பில்லை.

இரண்டாவது குரல் இன்னும் பொல்லாதது. ஐபோனில் அதே செயலியைச் சோதித்தபோது, விசைப்பலகைக்கு நான்காம் வகையைத் தாங்கும் விசைத்தளம் கிடைக்கவில்லை என்னும் பொருளில் ஒரு வரி தோன்றியது. விசைப்பலகை என்ற சொல்லைக் கண்டதும் மேலாளர் முகத்தில் வெற்றிக் களை படர்ந்தது. "பார்த்தாயா? தமிழ் விசைப்பலகைதான் கோளாறு. கைப்பேசியே சொல்கிறதே!" என்றார்.

அவள் வாதிடவில்லை. புதிதாக ஒரு வெற்றுச் செயலியைத் தொடங்கினாள். அதில் ஒரே ஒரு கட்டம்; எண் மட்டும் தட்டச்சிடத்தக்க கட்டம். தமிழ் என்பது பெயருக்கும் இல்லை. அதை ஓட்டினாள்; கட்டத்தைத் தொட்டாள்; அதே வரி அப்படியே வந்தது. நான்காம் வகை என்பது எண்பலகையின் பெயர். இயங்குதளம் தனக்குத்தானே முணுமுணுக்கும் வரி அது. எண்பலகை வரும் எத்தனையோ செயலிகளில் காணப்படுவது. இங்கே பதிவெண்ணைக் கேட்கும் கட்டம் இருந்ததால் வந்ததேயன்றி, தமிழால் வரவில்லை. புரியாத வரியொன்று கிடைத்தால், மனிதர் தாம் முன்பே சந்தேகித்தவரைக் குற்றவாளியாக்கிவிடுகிறார்கள். வரியின் மேல் பழி இல்லை. எல்லாவற்றையும் அகற்றிவிட்டு அந்த வரி மட்டும் வருகிறதா என்று பார்ப்பதே அதற்கு மருந்து.

குற்றவாளி அல்லாதவர் விடுதலையானார்; குற்றவாளியோ அகப்படவில்லை. அந்நிலையில்தான் அவள் வெள்ளிக்கிழமை இரயிலில் அமர்ந்து சிவப்பு வரிகளையே திரும்பத் திரும்பப் படித்துக்கொண்டு வந்தாள்.

இரவு உணவுக்குப் பின்னும் கணினி மூடப்படவில்லை. தந்தையார் அருகில் வந்து அமர்ந்தார். அவர் 1980களில் கிள்ளான் துறைமுகத்தில் சரக்குக் கணக்கராகப் பணியில் சேர்ந்தவர். 1901 இல் போர்ட் சுவெட்டன்ஹாம் என்று தோன்றி, 1972 இல் போர்ட் கிள்ளான் என்று பெயர் மாறிய அத்துறைமுகத்தின் கிடங்குகளில், கப்பலிலிருந்து இறங்கும் மூட்டைகளையும் பெட்டிகளையும் எண்ணி எழுதியே முடி நரைத்தவர். கணினி அவருக்குத் தெரியாது, பணியேடு தெரியும்.

"என்னம்மா, கணக்கு உதைக்கிறதா?" என்று கேட்டார்.

"கணக்கு இல்லை அப்பா. எங்கே விழுந்தது என்று சிவப்பில் காட்டுகிறது. ஏன் விழுந்தது என்று காட்டவில்லை."

"சிவப்பு மட்டுமா எழுதியிருக்கிறது?"

"மற்றவை ஆயிரக்கணக்கில் வரும் அப்பா. தொல்லை என்று மறைத்துவைத்திருக்கிறேன்."

தந்தையார் சிறிது நேரம் பேசவில்லை. பிறகு சொன்னார்: "கப்பலில் ஒரு கணக்கு, கிடங்கில் ஒரு கணக்கு இருக்கும். மாலையில் கூட்டிப் பார்த்தால் நாலு மூட்டை உதைக்கும். புதுப் பையன்கள் கூட்டுத்தொகையையே முறைத்துப் பார்த்துக்கொண்டு இருப்பார்கள். கூட்டுத்தொகையில் என்ன இருக்கிறது? இரண்டு புத்தகத்தையும் காலையிலிருந்து வரிவரியாக ஒத்துக்கொண்டு வரவேண்டும். எந்த வரியில் முதன்முதலாக வேறுபடுகிறதோ, அங்கே கை வைக்க வேண்டும். அந்த வரி ரொம்பச் சாதுவாக இருக்கும்மா."

அவர் உறங்கப் போய்விட்டார். அவள் வடிகட்டியை அகற்றினாள்.

முதலில் சிவப்பு வரிகளையே ஒழுங்காகப் படித்தாள். செயலி விழும்போது, எந்தப் பகுதி எந்தப் பகுதியை அழைத்தது என்னும் தடம் நீளமாகப் பதிவாகும். மேலே இருப்பது கடைசியில் நிகழ்ந்தது. பெரும்பாலும் இயங்குதளத்தின் வரிகள். இதனால் விளைந்தது என்ற தொடரோடு கீழே ஓரிரு பகுதிகள் தொடரும்; அவற்றுள் கடைசியானதே மூலம். அந்த மூலப் பகுதியில் தன் கையால் எழுதிய நிரலின் பெயர் முதலில் வரும் வரியைத் தேட வேண்டும். அவள் தேடிய வரி, மாணவர் விவரத்தைத் திரையில் இடும் இடத்தைக் காட்டிற்று. அங்கே மாணவர் விவரம் இருக்க வேண்டிய இடத்தில் ஒன்றுமே இல்லை. இல்லாத ஒன்றின் பெயரைக் கேட்டதால் செயலி விழுந்தது.

இதை அவளுடைய சக ஊழியர் ஒருவர் வியாழக்கிழமையே கண்டிருந்தார். விவரம் இல்லையென்றால் பேசாமல் விட்டுவிடு என்று ஒரு வரி சேர்த்துப் பார்த்தார். செயலி விழவில்லை, பெற்றோருக்கு வெற்றுப் பக்கம் வந்தது. காய்ச்சல்காரனின் வெப்பமானியை உடைத்துவிட்டுக் காய்ச்சல் போயிற்று என்று சொல்வதற்கும் இதற்கும் வேறுபாடு என்ன? அவ்வரியை அவள் அன்றே நீக்கிவிட்டாள்.

இப்போது சிவப்பிலிருந்து மேல்நோக்கி, காலத்தில் பின்னோக்கி, ஒவ்வொரு வரியாக ஏறினாள். நாற்பது வரிகளுக்கு மேலே, சோதனைக் குறிப்பு என்ற தாழ்ந்த தரத்தில், நிறமில்லாமல், சாதுவாக ஒரு வரி இருந்தது. மாணவியின் உண்மைப் பெயர் இங்கே வேண்டாம். கோமதி என்று கொள்வோம். அந்த வரி சொன்னது இதுதான்: எதிர்பார்த்த பெயர் கோமதி; வந்த பெயர் கோமதி; பொருந்தவில்லை.

அவள் சிரித்துவிட்டாள். பிறகு சிரிப்பு நின்றது. கோமதியும் கோமதியும் பொருந்தவில்லையாம்! ஐபோனின் ஏட்டிலும் அதே இடத்தைத் தேடினாள். அங்கே பெயருக்குப் பதிலாகத் தனிப்பட்டது என்ற சொல் இரண்டு இடத்திலும் இருந்தது. 2016 இல் ஆப்பிள் நிறுவனம் கொண்டுவந்த புதிய பதிவுமுறை, இயங்கும்போது வந்து சேரும் சொற்களை இயல்பாகவே மறைத்துவிடும். அது குறையன்று, கடமை. பணியேட்டை யார் யாரோ படிப்பார்கள். அதில் பிறர் வீட்டுப் பிள்ளையின் பெயர் கிடக்கலாமா? மலேசியாவிலும் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் 2010 இல் இயற்றப்பட்டு 2013 முதல் நடப்பில் இருக்கிறது. ஆண்ட்ராய்டின் வரியில் பெயரை அப்படியே எழுதவிட்டது தன் பிழை என்பதும் அவளுக்கு அப்போதுதான் உறைத்தது.

கண்ணை நம்பிப் பயனில்லை என்று தெளிந்து, தான் கற்பனையாகத் தட்டச்சிட்ட கோமதியையும், பட்டியலிலுள்ள கோமதியையும் எண்களாக அச்சிடச் செய்தாள். தட்டச்சிட்டதற்கு ஐந்து எண்கள் வந்தன: 2965, 3019, 2990, 2980, 3007. பட்டியலில் இருந்ததற்கு ஆறு எண்கள் வந்தன: 2965, 3015, 3006, 2990, 2980, 3007.

ஒளி பிறந்தது. ஒருங்குறி என்னும் யூனிகோடில் தமிழுக்கு 2944 முதல் 3071 வரை 128 இடங்கள் உண்டு. உயிர்மெய் 216க்கும் தனித்தனி இடமில்லை. மெய்யெழுத்தின் அகர வடிவத்துக்குப் பின் உயிர்க்குறி ஒட்டிக்கொள்ளும். 2965 ககரம். 3019 ஓகாரக் குறி முழுமையாக, ஒரே எண்ணாக. ஆனால் ஓகாரக் குறி என்பது கண்ணுக்கு என்ன? முன்னால் இரட்டைச்சுழிக் கொம்பு, பின்னால் கால். 3015 அந்தக் கொம்பு. 3006 அந்தக் கால். ஒன்றாக எழுதினாலும் இரண்டாக எழுதினாலும் திரையில் தோன்றுவது அதே கோ. இரண்டும் சமமே என்று ஒருங்குறி விதியும் கூறுகிறது. ஆனால் எண்களை மட்டும் ஒத்துப்பார்க்கும் நிரலுக்கு விதி தெரியாது. ஐந்தும் ஆறும் ஒன்றாகுமா என்று மறுத்துவிடும்.

பட்டியலில் கொம்பும் காலும் பிரிந்தது எப்படி? அதற்கு விடை தமிழ்க் கணிமையின் வரலாற்றில் இருக்கிறது. ஒருங்குறியில் தமிழ் 1991 இலேயே இடம்பெற்றும், அது கைக்கு வந்து பரவப் பல ஆண்டுகள் ஆயின. அதற்கு முன்பே, 1985 இல், மலேசியரான முத்து நெடுமாறன் முரசு மென்பொருளை உருவாக்கினார். உலகெங்கும் தமிழர் தத்தம் எழுத்துருக்களைப் படைத்தார்கள். 1999 இல் சென்னை மாநாட்டையொட்டித் தமிழ்நாட்டரசு தாம், தாப் என்னும் தரங்களை அறிவித்தது. 2001 ஆகஸ்டில் தமிழ் இணைய மாநாடு கோலாலம்பூரிலேயே கூடிற்று. அக்காலத்து எழுத்துரு முறைகளில் பொதுவாகக் கொம்பு தனி, எழுத்து தனி, கால் தனி. அச்சுக் கோப்பதுபோல வரிசையாகக் கோத்துச் செல்வதே முறை. பள்ளியின் பழைய பட்டியல் அத்தகைய எழுத்துருவில் தட்டச்சிடப்பட்டது. பின்னாளில் அதை ஒருங்குறிக்கு மாற்றியவர் கொம்பை எழுத்துக்குப் பின்னே தள்ளினார். காலோடு அதைச் சேர்க்க மறந்தார். கண்ணுக்குச் சரியாகத் தெரிந்ததால் எவரும் ஐயுறவில்லை.

அப்படியானால் எந்தப் பெயர்கள் விழும் என்று முன்கூட்டியே சொல்ல முடிய வேண்டுமல்லவா? அவள் தாளில் எழுதினாள்: ஒகர, ஓகார, ஔகாரக் குறி உள்ள பெயர்கள் விழும்; மற்றவை நிற்கும். லோகநாதன் விழுவான், மாலா நிற்பாள். சரோஜா விழுவாள், குமரன் நிற்பான். பெற்றோர் முறையீடுகளை எடுத்து ஒத்துப் பார்த்தாள். ஒன்றும் தப்பவில்லை. கோளாறு கண்ட பெயர்களை மட்டும் ஆராய்வது போதாது. கோளாறு காணாத பெயர்களும் சான்று சொல்ல வேண்டும். இரண்டும் ஒருமுகமாகச் சொன்னபோதுதான் அது காரணம் என்று அவள் ஏற்றாள்.

மருந்து எளிதாயிருந்தது. பிரிந்து கிடக்கும் குறிகளைச் சேர்த்து ஒரே வடிவமாக்கும் இயல்பாக்கம் என்னும் வழி ஒருங்குறியிலேயே உண்டு. நிரல்மொழிகள் அதற்கு ஆயத்தக் கருவி தருகின்றன. பட்டியலையும், தட்டச்சில் வருவதையும், ஒப்பிடுமுன் அக்கருவியின் வழியே செலுத்தினாள். கோமதி திறந்தாள், லோகநாதன் திறந்தான், சரோஜா திறந்தாள். சனிக்கிழமை விடியும் நேரத்தில் கௌரி மட்டும் திறக்கவில்லை.

மீண்டும் எண்கள். கௌரி என்பதற்கு 2965, 3020, 2992, 3007 என்று நான்கு வர வேண்டும். பட்டியலில் 2965, 3014, 2995, 2992, 3007 என்று ஐந்து வந்தன. 3014 ஒற்றைக்கொம்பு; சரி. ஆனால் 2995? அது ளகரம்! ஔகாரக் குறியின் பின்பகுதி ளகரத்தைப் போலவே இருப்பதால், பழைய தட்டச்சர்கள் ளகரத்தையே அங்கே இட்டுவிட்டார்கள். அது கௌரி அன்று. படிக்கப்போனால் கெ, ள, ரி. இயல்பாக்கும் கருவிக்கு அதைத் திருத்த உரிமையில்லை. ஏனெனில் ஒற்றைக்கொம்பை அடுத்து ளகரம் வருவது தமிழில் பிழையன்று. கெளுத்தி மீனைக் கெடுத்துவிட்டா கௌரியைக் காப்பது? எது ளகரம், எது குறி என்று தமிழ் படித்தவர்தான் சொல்ல வேண்டும்.

தமிழ் படித்தவள் அங்கே இருந்தாள். பட்டியலில் அத்தகைய பெயர்களை மட்டும் பிரித்தெடுத்துத் தாளில் இட்டு, ஞாயிற்றுக்கிழமை தந்தையாரோடு அமர்ந்து ஒவ்வொன்றாகப் பார்த்தாள். அவர் மூக்குக்கண்ணாடியைத் துடைத்து அணிந்து, விரலால் வரியைத் தொட்டுத் தொட்டுப் படித்தார். கௌரி, கௌசல்யா, மௌனிகா, சௌந்தரி. அவர் குறித்த இடங்களை அவள் திருத்தினாள்.

திங்கட்கிழமை காலை பிரிக்பீல்ட்ஸ் அலுவலகத்தில் அவள் நீண்ட உரை நிகழ்த்தவில்லை. இரண்டு எண்வரிசைகளையும் ஒரு தாளில் எழுதி மேசைமேல் வைத்தாள். வெற்றுச் செயலியில் வந்த விசைப்பலகை வரியையும் காட்டினாள். மேலாளர் நெடுநேரம் பார்த்தார். "அப்படியானால் கோளாறு தமிழில் இல்லை" என்றார்.

"இல்லை ஐயா. தமிழைச் சரியாக ஒத்துப்பார்க்கத் தெரியாத நம் நிரலில் இருந்தது. நம் பதிவு வரியும் அதைச் சரியாகச் சொல்லவில்லை."

பெயர்கள் தமிழிலேயே நின்றன. மேலாளர் ஒரு நிபந்தனை விதித்தார்: பதிவெண் ஒத்துப் பெயர் ஒவ்வாவிட்டால் செயலி விழவும் கூடாது, வெற்றுப் பக்கமும் காட்டக் கூடாது, பள்ளியோடு தொடர்புகொள்ளுமாறு பெற்றோருக்குத் தெளிவாகச் சொல்ல வேண்டும். அது நியாயமான நிபந்தனை. அவள் உடனே ஒப்புக்கொண்டாள்.

அன்று பிற்பகல் அவள் செய்த வேலை வேறு. தன் செயலி எழுதும் பதிவு வரிகளையெல்லாம் ஒவ்வொன்றாகத் திறந்தாள். பொருந்தவில்லை என்ற அந்த வரியை எச்சரிக்கை என்னும் தரத்துக்கு உயர்த்தினாள். பெயரை நீக்கினாள். எந்தப் பட்டியலின் எத்தனையாவது வரிசை, எதிர்பார்த்த நீளம் எத்தனை, வந்த நீளம் எத்தனை, முதன்முதல் வேறுபட்ட இடம் எது என்ற நான்கை மட்டும் எழுதினாள். ஐந்து என்றும் ஆறு என்றும் அந்த வரி முதல் நாளே சொல்லியிருந்தால் எத்தனை உழைப்பு மிஞ்சியிருக்கும்! நள்ளிரவில், முகம் தெரியாத ஒருவர், களைத்த கண்ணோடு படிக்கப்போகும் கடிதம் அது. எழுதுகிறவருக்கு எல்லாம் தெரிந்திருக்கும். படிக்கிறவருக்கு அந்த ஒரு வரிதான் துணை. அதை எண்ணி எழுதுகிறவர்கள் எத்தனை பேர்?

மாலை இரயிலில் அன்றும் அவளுக்கு இருக்கை கிடைத்தது. ஷா ஆலம் வருமுன்பே உறங்கிவிட்டாள். கிள்ளானில் பக்கத்து இருக்கை அம்மையார் ஒருவர்தான் தோளைத் தொட்டு எழுப்பினார்.